மத்தியகால, மறுமலர்ச்சிக் கால ஐரோப்பியக் குரலிசையைப் புதிதாகக் கேட்பவர் எந்தக் குழுவில் தொடங்கலாம்?

ஹில்லியர்ட் ஆன்சாம்பிள். யார் கேட்டாலும் முதலில் இந்தப் பெயரைத்தான் சொல்வேன். பிரிட்டனில் 1974இல் உருவாகி, 2014 டிசம்பரில் லண்டன் விக்மோர் ஹாலில் கடைசிக் கச்சேரி பாடி விடைபெற்ற ஆண்கள் குழு. மேடையில் பெரும்பாலும் நான்கே பேர்: பெண் குரலின் உயரத்தில் பாடும் கவுன்டர்டெனர் ஒருவர், ஆண்களின் உயர்குரலான டெனர் இருவர், அதற்குக் கீழே ஒலிக்கும் பாரிடோன் ஒருவர். வாத்தியம் கிடையாது.

பெரிய கொயரில், அதாவது பாடகர் குழுவில், குரல்கள் கலந்து ஒரே முழக்கமாகிவிடும். இவர்கள் பாடும்போது ஒவ்வொரு குரலும் எங்கே ஏறுகிறது, எங்கே இன்னொன்றைத் தொட்டு விலகுகிறது என்று காதால் பின்தொடரலாம். குரலை நடுங்கவிடாமல் நேராக நிறுத்துவார்கள். அதனால் சுருதி சேரும் இடம் அப்பட்டமாகத் தெரியும்.

முதலில் 1989இல் வெளிவந்த இவர்களுடைய பெரோட்டின் ஆல்பத்தை எடுங்கள். பெரோட்டின் பாரிஸ் நோத்ர் தாம் தேவாலயத்தைச் சேர்ந்த இசையமைப்பாளர். அவருடைய ‘விடெருன்ட் ஒம்னெஸ்’ ஒரு கிறிஸ்துமஸ் பாடல், நான்கு குரலுக்கானது. பைபிளின் 98ஆம் சங்கீதத்தின் வரிகள். கிறிஸ்துமஸ் காலத்தில் இப்படி நான்கு குரலில் பாடுவது பற்றி பாரிஸ் ஆயர் 1198இல் போட்ட ஆணை இன்றும் இருக்கிறது. எண்ணூறு வருடத்துக்கு முந்தைய பாட்டு!

கேட்டதும் அடியில் தம்பூரா மாதிரி ஒரு குரல் அசையாமல் நிற்பதாகத் தோன்றும். உண்மையில் அதுதான் பழைய தேவாலயப் பாடலின் மெட்டு. ஒரே அசையை அவ்வளவு நேரம் இழுக்கிறார்கள். இரண்டு சொல்லைப் பாடி முடிக்கவே நிமிடக் கணக்காகிறது. அதன்மேல் மூன்று குரல்கள், கிட்டத்தட்ட ஒரே ஸ்தாயியில், துள்ளும் தாளத்தில் ஒன்றையொன்று குறுக்கிட்டு ஓடும். ஒருவர் பாடிய துணுக்கை அடுத்தவர் வாங்கிக்கொள்வார். கீழ்க்குரல் அடுத்த ஸ்வரத்துக்கு நகரும்போது மொத்தப் பாட்டும் இடம் மாறும். எனக்கு இன்னும் சிலிர்க்கும் இடம் அதுதான். நீண்ட ஓட்டத்துக்குப் பிறகு குரல்கள் ஷட்ஜம பஞ்சமத்தில் வந்து நிற்கும்போது உள்ள தெளிவை வேறெங்கும் நான் கேட்டதில்லை.

இந்தக் குழுவைப் பலரும் அறிந்தது ‘ஒஃபிசியும்’ மூலம். நார்வே சாக்சபோன் கலைஞர் யான் கார்பாரெக்குடன் ஆஸ்திரியாவின் சங்க்ட் கெரோல்ட் மடாலயத்தில் பதிவுசெய்து 1994இல் வெளியிட்டார்கள். பத்து லட்சத்துக்கும் மேல் விற்றது. ஸ்பெயின்காரர் மொராலெஸின் ‘பார்ச்சே மிஹி’ அதில் பேரழகு. ஆனாலும் இரண்டாவதாகக் கேளுங்கள் என்பேன். சாக்சபோன் வந்ததும் காது அதன் பின்னால் போய்விடுகிறது, மற்ற நான்கு பேரும் பின்னணியாகிவிடுகிறார்கள்.

அப்புறம் மறுமலர்ச்சிக் காலத்துக்குப் போக டாலிஸ் ஸ்காலர்ஸ். பீட்டர் பிலிப்ஸ் 1973இல் தொடங்கியது. பெண்களும் உண்டு, பொதுவாக ஒவ்வொரு குரல் பகுதியையும் இரண்டு பேர் பாடுவார்கள். மறுமலர்ச்சிக் கால இசையமைப்பாளர் ஜோஸ்கினின் பாடல்களை இவர்கள் பாடிய பதிவு 1987இல் கிராமஃபோன் இதழின் ‘ஆண்டின் சிறந்த இசைத்தட்டு’ விருதைப் பெற்றது. அதில் ‘பாஞ்சே லிங்குவா’ மிஸ்ஸாவை (தேவாலயத் திருப்பலிக்கான பாடல் தொகுப்பு) கேளுங்கள். ஒரு குரல் தொடங்கிய மெட்டை அடுத்தது பிடிக்க, அதை இன்னொன்று பிடிக்கும். பெரோட்டினில் பழகிய காதுக்கு இது உடனே பிடிபடும்.