விளையாட்டின் ஃபிரேம் ரேட்டுக்கு வரம்பு வைப்பது ஏன், எப்படி?

60 ஹெர்ட்ஸ் மானிட்டரில் கணினி விளையாட்டு நொடிக்கு 200 ஃபிரேம் (அதாவது 200 படங்கள்) வேகத்தில் ஓடும்போது அதற்கு வரம்பு வைப்பதால் பயன் உண்டா என்று கேட்டிருக்கிறீர்கள். நிச்சயமாக உண்டு. உங்கள் திரை ஏறத்தாழ 16.7 மில்லி நொடிக்கு ஒரு முறைதான் புதுப்பிக்கப்படுகிறது என்பதால், கிராபிக்ஸ் கார்டு அதற்கு மேல் வரைந்து தள்ளும் படங்களில் பெரும்பாலானவை முழுமையாகக் கண்ணில் படாமலே மின்சாரத்தையும் வெப்பத்தையும் கூட்டுகின்றன. எதுவுமே நடக்காத மெனு திரையில்கூட மின்விசிறி இரைவதும், கார்டிலிருந்து மெல்லிய கீச்சொலி எழுவதும் பெரும்பாலும் இதனால்தான். வரம்பு வைத்ததும் அந்த ஒலி தணிவதை நீங்களே கேட்கலாம்.

முதலில் விளையாட்டின் அமைப்புகளிலேயே இவ்வசதி இருக்கிறதா என்று பாருங்கள். பொதுவாக அதில்தான் உள்ளீட்டுத் தாமதம், அதாவது நீங்கள் பொத்தானை அழுத்துவதற்கும் அதன் விளைவு திரையில் தெரிவதற்கும் இடையிலான நேரம், குறைவு. இல்லையெனில், என்விடியா கண்ட்ரோல் பேனலில் 2020 ஜனவரி முதல் உள்ள ‘மேக்ஸ் ஃபிரேம் ரேட்’ வசதியையோ, ஏஎம்டி கார்டுகளிலும் இயங்கும் ரிவாட்யூனர் மென்பொருளையோ பயன்படுத்தலாம். விளையாட்டின் ஃபிரேம் வேகத்துக்கு ஏற்பத் தம் புதுப்பிப்பு வேகத்தை மாற்றி ஒத்திசையும் ஜி-சிங்க், ஃப்ரீசிங்க் திரைகளில் மட்டும் வரம்பைப் புதுப்பிப்பு வேகத்துக்குச் சற்றுக் கீழே, 144 ஹெர்ட்ஸ் என்றால் 141 என்று, வைக்க வேண்டும். அவ்வேகத்தைத் தாண்டினால் ஒத்திசைவு நின்றுவிடும். கணநேரத்தில் சுட வேண்டிய போட்டி விளையாட்டுகளில் கூடுதல் ஃபிரேம்கள் தாமதத்தைக் குறைப்பதால், அங்கே 60-இல் கட்டிப்போடுவதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.