மருத்துவ இடத்துக்குப் பணம் கட்டாதீர்கள்: எஸ்போவில் வாழும் ஒரு தந்தைக்கு

பின்லாந்தின் எஸ்போ நகரிலிருந்து ஒரு தந்தை எழுதியிருக்கிறார். மகள் பின்னிஷ் மொழிப் பள்ளியில் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறாள். பள்ளிச் செயல்திட்டத்துக்காகப் பின்லாந்துத் திரைப்பட முன்னோடி எர்க்கி காருவைப் பற்றித் தேடிப் படித்தவள், இனி சினிமாத் தொழில்தான் என்று நிற்கிறாளாம். கோவையில் இருக்கும் பெரியப்பாவோ, வெளிநாடுவாழ் இந்தியர் ஒதுக்கீட்டில் மருத்துவ இடம் வாங்கிவிடலாம், கடனுக்கு வங்கி இருக்கிறது என்று வாரந்தோறும் தொலைபேசியில் வற்புறுத்துகிறார். "மகளுக்கு எப்படிப் புரியவைப்பது?" என்று கேட்கிறார் தந்தை.

ஐயா, பெண்ணைப் பெற்றவரின் பதற்றம் நியாயமானது. ஆனால் நீங்கள் புரியவைக்க வேண்டியது உங்கள் அண்ணனுக்கு. உங்கள் நீண்ட கடிதத்தில் அவளுக்கு உயிரியல் பிடிக்கும் என்று ஒரு வரிகூட இல்லை. சித்தியின் திருமணக் காணொளியை அவளே தொகுத்தாள், பள்ளி நாடகத்துக்கு ஒலியமைத்தாள், திரைச்சீலை வரைந்தாள் என்றுதான் எழுதியிருக்கிறீர்கள். "எதிலும் நிலையாக நிற்கமாட்டாள்" என்று அதையே குறையாகவும் சொல்கிறீர்கள்.

அவள் படித்த மனிதரையே எடுத்துக்கொள்ளுங்கள். 1887இல் ஹெல்சிங்கியில் பிறந்த காரு நாடக மேடையிலிருந்து வந்தவர். அவர் காலத்தில் பின்லாந்தில் திரைப்படப் பள்ளி கிடையாது. அங்கே திரைப்படக் கல்வி 1959இல்தான் தொடங்கியது. 1919இல் பின்னாளில் சுவோமி-பில்மி என்று பெயர் பெற்ற நிறுவனத்தைத் தொடங்கியவர்களில் அவரும் ஒருவர். அங்கே குறும் நகைச்சுவைப் படம் எடுத்தார், கதை எழுதினார், தயாரித்தார், நிர்வாகமும் பார்த்தார். 1922இல் நாட்டை வெளியுலகுக்கு அறிமுகப்படுத்தும் ஆவணப்படத்தில் பங்கேற்றார். 1923இல் பின்னிஷ் எழுத்தாளர் அலெக்ஸிஸ் கிவியின் 'நும்மிசூட்டாரித்' நாடகத்தைத் திரைக்குக் கொண்டுவந்தார். ஒரு வேலையிலிருந்து இன்னொன்றுக்குக் கை பழகியவர் என்பதால்தான் ஒரு துறையையே அவரால் கட்டி எழுப்ப முடிந்தது. உங்கள் மகளிடம் நீங்கள் குறையாகக் காண்பது இந்தத் தொழிலில் மூலதனம்.

அதே வாழ்க்கையில் உங்களுக்கும் ஒரு எச்சரிக்கை இருக்கிறது. பொருளாதார மந்தக் காலத்தில், 1933இல், தாம் வளர்த்த நிறுவனத்தைவிட்டே காரு வெளியேற நேர்ந்தது. உடனே சுவோமென் பில்மிதெயோல்லிசூஸ் என்ற இன்னொரு நிறுவனத்தைத் தொடங்கினார். 1935இல், 48 வயதில் இறந்துபோனார். பிறகு அந்த நிறுவனம் இருநூறுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்தது. திரைத்துறையில் வருமானம் ஏறும், இறங்கும். ஆகவே மருத்துவ இடத்துக்கு வாங்காத கடனை லண்டன் திரைப்படப் பள்ளிக்கும் வாங்காதீர்கள். விலையுயர்ந்த கேமராவும் இப்போது வேண்டாம். இதில் நான் விட்டுக்கொடுக்கமாட்டேன்.

மேல்நிலைப் பள்ளி, பொறியியல் வழிகளை உங்கள் நண்பர்களே சொல்லியிருப்பார்கள். அவர்கள் சொல்லாத வழி ஒன்று இருக்கிறது: தொழிற்கல்வி நிறுவனத்தில் ஊடகத்துறை அடிப்படைப் பட்டயமும், அதோடு சேர்ந்து மேல்நிலைப் பொதுத்தேர்வும். பின்லாந்தில் இதை 'காக்சொய்ஸ்துத்கிந்தோ', அதாவது இரட்டைத் தகுதி என்பார்கள். பட்டயம் 180 புள்ளிகள், ஏறத்தாழ மூன்று ஆண்டுகள். ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, ஒலி, அசைவூட்டம் எனக் கையால் செய்தே கற்பார்கள். ஒவ்வொரு மாணவருக்கும் தனிப் படிப்புத் திட்டம் எழுதப்படும். அவளுக்கு ஏற்கெனவே தெரிந்த தொகுப்பு வேலை அதில் கணக்கில் சேரும். ஒரு பகுதியை உண்மையான பணியிடத்தில் ஒப்பந்தத்தின்பேரில் கற்கலாம். கூடவே மேல்நிலைப் பள்ளிப் பாடங்களையும் படித்து, பொதுத்தேர்வில் ஐந்து தாள்கள் எழுதுவாள். இரட்டைச் சுமைதான். சிலருக்கு நான்காம் ஆண்டும் ஆகும்.

உறவினர்கள் அஞ்சுவதுபோல இதனால் எந்தக் கதவும் அடைபடாது. அந்தப் பட்டயம் ஒன்றே உயர்கல்விக்கு விண்ணப்பிக்கும் தகுதி தரும். நாளை மனம் மாறினால் மருத்துவ நுழைவுத் தேர்வையும் எழுதலாம். வேதியியலைத் தனியாக உழைத்துப் படிக்க வேண்டியிருக்கும், அது எளிதல்ல. திரைத்துறையே வேண்டுமென்றால் ஆல்டோ பல்கலைக்கழகமும் மெட்ரோபோலியா தொழில்சார் பல்கலைக்கழகமும் பக்கத்திலேயே இருக்கின்றன. பின்னிஷ் வழி பட்டப்படிப்புக்குக் கல்விக் கட்டணம் இல்லை. அவளுடைய பின்னிஷ் உங்கள் குடும்பத்தின் பெரிய சொத்து. 2021க்குப் பிறகு 18 வயது வரை படிப்பு கட்டாயம் என்பதால் இந்தத் தொழிற்கல்வியில் பாடநூலும் படிப்புக்கான கணினியும் இலவசம்.

வேலையின் தொடக்க ஆண்டுகளில் நிலையான சம்பளம் கிடைக்கும் என்று நான் உறுதி சொல்லமாட்டேன். படத்துக்குப் படம் ஒப்பந்த வேலை அமையும், இடையில் வேலையில்லாத மாதங்களும் வரும். அதனால்தான் பொதுத்தேர்வையும் சேர்த்தே எழுதச் சொல்கிறேன்.

இந்த மாதமே அவளுடைய பள்ளியின் கல்வி வழிகாட்டி ஆசிரியரைப் பார்த்து மூன்று கேள்விகள் கேளுங்கள். அருகிலுள்ள எந்தத் தொழிற்கல்வி நிறுவனம் ஊடகப் பட்டயத்தோடு இரட்டைத் தகுதியும் தருகிறது? மேல்நிலைப் பாடங்களை எந்தப் பள்ளியில் நடத்துகிறார்கள்? சேர்க்கைக்குத் திறன் தேர்வு உண்டா? ஒரே படிவத்தில் பல நிறுவனங்களுக்கு விண்ணப்பிக்கும் கூட்டு விண்ணப்பம் வழக்கமாகப் பிப்ரவரி, மார்ச்சில் நடக்கும். முதல் விருப்பத்தை அவளே நிரப்பட்டும். அதுவரை கோவைக்கு முன்பணம் எதுவும் அனுப்பாதீர்கள்.