பணிக்கொடை வரும்வரை குவார்ட்டர்ஸ் சாவியைப் பிடித்து வைக்கலாமா?

கேள்வி: எங்கள் ஊர் விருத்தாசலம். 1939-ல் டால்மியாபுரத்தில் சிமெண்ட் ஆலை வந்த காலத்தில் தாத்தா சுண்ணாம்புக்கல் உடைக்கப் போனவர். அப்பா அரியலூர் பக்கம் ஒரு சிமெண்ட் ஆலையில் 30 வருடம் தூசு தின்று, 2024 மே மாதம் ஓய்வு பெற்றார். கடைசி அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்த்து 26,000 ரூபாய். பணிக்கொடை (கிராஜுவிட்டி) இன்னும் தரவில்லை. பணம் வந்தால்தான் சாவி என்று குவார்ட்டர்ஸிலேயே இருக்கிறார். மாதம் 6,000 அபராத வாடகை என்று நோட்டீஸ் வந்திருக்கிறது. யூனியனும் கைவிட்டுவிட்டது. வழக்குப் போடலாமா?

பதில்: தாத்தா கல் உடைத்ததும், யூனியன் கைவிட்டதும் மனுவில் ஒரு வரிகூட வேண்டாம். பணிக்கொடை அப்பாவின் உரிமை, அதில் சந்தேகமே இல்லை. உங்கள் கடிதத்தில் சட்டத்துக்கு வேண்டிய ஒரே விஷயம் அந்தச் சாவி.

ஒரு நாள் சம்பளத்துக்கு 26,000-ஐ 26-ஆல் வகுத்து, வருடத்துக்கு 15 நாள் வீதம் 30 வருடத்துக்குப் பெருக்கினால் பணிக்கொடை 4,50,000. 30 நாளுக்குள் தராவிட்டால் 10 சதவீதம் தனி வட்டி, அதாவது வருடத்துக்கு 45,000. அபராத வாடகையோ வருடத்துக்கு 72,000. அப்பா வீட்டில் இருக்கும் ஒவ்வொரு மாதமும் அவர் பணம்தான் கரைகிறது.

சிமெண்ட் ஆலைக்காரர்கள் பலர் இந்தக் குழியில் விழுந்த பிறகுதான் என்னிடம் வருகிறார்கள். வீட்டை விட்டால் பிடி போய்விடும் என்ற பயம். உண்மையில் பிடி கம்பெனி கையில். அனுமதி இல்லாமல் தங்கினால் அபராத வாடகை வரத்தான் செய்யும், அதைப் பணிக்கொடையில் கழிக்கலாம் என்று அரசு எஃகு நிறுவனமான ஸ்டீல் அதாரிட்டியின் வழக்கில் 2020-ல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. தாமதம் தொழிலாளியால்தான் என்று, பணிக்கொடை மனுக்களை விசாரிக்கும் தொழிலாளர் துறை அதிகாரியிடம் கம்பெனி எழுத்துமூலம் அனுமதி வாங்கியிருந்தால் வட்டியும் போச்சு. கணக்கு முடியும்போது நாலரை லட்சத்தில் பாதிகூட மிஞ்சாமல் போனவர்களைப் பார்த்திருக்கிறேன், மனசு கொதிக்கும்.

ஆகவே சமாதானமாகப் போங்கள். இந்த வாரமே வீட்டைக் காலி செய்யுங்கள். ஈபி மீட்டர் ரீடிங், ஃபேன், ஸ்விட்ச், குழாய் எல்லாம் எழுதி, தேதியோடு கையெழுத்து வாங்கிக்கொண்டு சாவியைக் கொடுங்கள். தங்கிய மாதங்களுக்குச் சாதாரண வாடகையைப் பிடித்துக்கொள்ளச் சம்மதித்து, அபராதத்தைக் கைவிடக் கேளுங்கள். வட்டியில் கொஞ்சம் விட்டுக்கொடுத்தாலும் உங்களுக்கு லாபம்தான்.

அதற்கும் கம்பெனி மசியவில்லை என்றால் அந்த அதிகாரியிடம் படிவம் ‘N’-ல் மனு. 90 நாள் தாண்டிவிட்டதால் தாமதத்துக்குக் காரணம் எழுதி இணைக்க வேண்டும். பல மாநிலங்களில் கிளை உள்ள கம்பெனி என்றால் மத்திய தொழிலாளர் துறை அதிகாரியிடம்தான் போக வேண்டும். கடலூரில் மாநில அலுவலகத்தில் கொடுத்துவிட்டு மாதக்கணக்கில் காத்திருக்காதீர்கள். அதுவரை தொகை எழுதாத எந்த வவுச்சரிலும் அப்பா கையெழுத்துப் போட வேண்டாம்.