அக்கா சொல்லைத் தட்டத் தெரியாதவர்களுக்கு: கேள்வி பதில்

கேள்வி: எனக்கு 34 வயது. வேலை மாறுவதிலிருந்து முடி வெட்டுவது வரை அக்கா சொன்னபடிதான் நடக்கிறது. மறுத்தால் ஒரு வாரம் பேசமாட்டாள். கடைசியில் நான்தான் போய் மன்னிப்புக் கேட்கிறேன்.

பதில்: அந்த ஒரு வாரம்தான் விஷயமே. அவள் முகத்தைத் திருப்பிக்கொள்வாள், நீங்கள் இறங்கி வருவீர்கள். இரண்டு பேருக்குமே இது பழகிப்போயிற்று. அடுத்த முறை அவள் பேசாவிட்டால் விடுங்கள். "பேசத் தோன்றும்போது கூப்பிடு" என்று ஒரு வரி அனுப்பினால் போதும். முதல் தடவை வழக்கத்தைவிட அதிக நாள் இழுப்பாள், நாலு பேரிடம் உங்களைக் குறையும் சொல்வாள். அப்போது பயந்து போய் நின்றால், எவ்வளவு நாள் இழுத்தால் வேலை நடக்கும் என்று அவளுக்குத் தெரிந்துவிடும்.

அப்புறம், "வேலையை விடலாமா என்று யோசிக்கிறேன்" என்று அவளிடம் ஆரம்பிப்பதே அனுமதி கேட்பதுதான். முடிவெடுத்துவிட்டுச் சொல்லுங்கள்: "திங்கட்கிழமை புது வேலையில் சேர்கிறேன்." காரணம் விளக்க உட்காராதீர்கள். ஒவ்வொரு காரணத்துக்கும் அவளிடம் ஒரு மறுப்பு இருக்கும்.

கேள்வி: மூத்தவர்கள் என்றாலே அதிகாரம்தானா?

பதில்: பிறந்த வரிசையே குணத்தை உருவாக்குகிறது என்ற எண்ணத்தைப் பரப்பியவர் ஆஸ்திரிய உளவியலாளர் ஆல்ஃபிரட் அட்லர். (அவரே இரண்டாவது பிள்ளை!) ஆனால் அமெரிக்கா, பிரிட்டன், ஜெர்மனியில் 20,000 பேருக்கு மேல் எடுத்துப் பார்த்த 2015ஆம் ஆண்டு ஆய்வில், வரிசைக்கும் சுபாவத்துக்கும் சொல்லும்படியான தொடர்பு தெரியவில்லை. என்னைக் கேட்டால், "தங்கச்சியைப் பார்த்துக்கோ" என்று சின்ன வயதில் ஒப்படைத்த பொறுப்பை யாரும் திரும்ப வாங்கிக்கொள்ளாததுதான் பல வீடுகளில் சிக்கல். அதற்காக நீங்கள் அடங்கிப் போக வேண்டும் என்றில்லை.

கேள்வி: அம்மாவும் அக்கா பக்கம்தான்.

பதில்: அம்மாவிடம் பஞ்சாயத்துக்குப் போகாதீர்கள். தீர்ப்புதான் ஏற்கனவே தெரியுமே.

கேள்வி: அக்கா கணக்கில் கெட்டிக்காரி என்பதால் நான் ஓவியம் பக்கம் போனேன். எல்லாவற்றிலும் அவளுக்கு நேர் எதிர். தப்பித்துவிட்டேன்தானே?

பதில்: பாதி. போட்டியைத் தவிர்க்க உடன்பிறந்தவர்கள் இப்படி வேறு வேறாகப் பிரிந்துகொள்வதை உளவியலாளர்கள் 1976லேயே எழுதியிருக்கிறார்கள். அக்காவுக்குத் தெரியவே போவதில்லை என்றாலும் வரைவீர்களா? ஆம் என்றால் கவலையில்லை.

கேள்வி: நான் அக்கா. நல்லதுக்குத்தான் சொல்கிறேன், தங்கை போனையே எடுப்பதில்லை.

பதில்: அவள் கேட்டாளா? அடுத்த முறை எடுத்தால், வேலை எப்படிப் போகிறது என்று மட்டும் விசாரியுங்கள். அவள் சொல்லி முடித்ததும் "ஆனா நீ..." என்று ஆரம்பிக்காதீர்கள்.