பழைய அறைகலன்களின் காலத்தை அறிவது எப்படி? கேள்வி பதில்

கேள்வி: பரோக், ரொக்கோகோ, நியோகிளாசிக்கல், எம்பயர் என்று ஐரோப்பிய அறைகலன் பாணிகளின் பெயர்கள் நீண்டுகொண்டே போகின்றன. புதிதாகக் கற்பவர் எதிலிருந்து தொடங்க வேண்டும்?

பதில்: நாற்காலியின் காலிலிருந்து தொடங்குங்கள். பூவேலையையும் பொன்முலாமையும் எந்தக் காலத்திலும் எவரும் நகலெடுத்துவிடலாம். ஆனால் கால் எப்படி நிற்கிறது, இருக்கைச் சட்டத்தோடு எப்படிச் சேர்கிறது என்பதில்தான் ஒரு காலத்தின் ரசனை ஒளிவுமறைவின்றித் தெரியும்.

பிரான்சின் அரசர் பதினைந்தாம் லூயியின் பெயரால் வழங்கும் ரொக்கோகோ நாற்காலியை எடுத்துக்கொள்வோம். அதன் கால் மேலே முழங்காலைப் போலப் புடைத்து, கீழே ஒடுங்கி, பாதத்தில் மறுபடியும் வெளியே திரும்பும். அந்த வளைவு எங்கும் முறியாமல் இருக்கைச் சட்டத்துக்குள் ஏறிவிடுவதால், விரலால் தடவிப் பார்த்தாலும் கால் எங்கே முடிந்தது, சட்டம் எங்கே தொடங்கியது என்று சொல்ல இயலாது. பதினாறாம் லூயி பாணியில் இது முற்றிலும் மாறிவிடுகிறது. கால் நேராகிக் கீழ்நோக்கிக் கூம்பும். அதன் நெடுகிலும் வரிப்பள்ளங்கள் ஓடும். காலும் சட்டமும் சேரும் மூலையில் ஒரு சிறிய கனசதுரக் கட்டையும், அதன் முகத்தில் செதுக்கிய வட்டப் பூவும் இருக்கும். முந்தைய பாணி மறைத்த இணைப்பை இந்தப் பாணி வெளிப்படையாகக் காட்டுகிறது. 1804இல் நெப்போலியன் பேரரசரான பின் பரவிய எம்பயர் பாணியில் மகோகனி என்ற செம்பழுப்பு மரத்தின் பளபளப்பான தட்டைப் பரப்புகளும், அவற்றின் மேல் பொன்முலாம் பூசிய வெண்கலப் பதிப்புகளும், கண்டிப்பான சமச்சீரும் மேலோங்கின. சிங்க உடலும் மனிதத் தலையும் கொண்ட ஸ்பிங்க்ஸ் உருவங்கள் கண்ணில் பட்டால், 1798இல் தொடங்கிய நெப்போலியனின் எகிப்துப் படையெடுப்புக்குப் பின் பெருகிய எகிப்திய மோகத்தை நினைவில் கொள்ளுங்கள்.

கேள்வி: ஓர் அருங்காட்சியகக் குறிப்பில் ‘பதினாறாம் லூயி பாணி, 1770’ என்று இருந்தது. அவர் அரியணை ஏறியது 1774இல் அல்லவா? குறிப்பு தவறா?

பதில்: குறிப்பு சரியாகவே இருக்கலாம். பாணிகளுக்கு அரசர்களின் பெயரை வைத்தது பிற்காலத்தவரின் வசதிக்காகத்தான். தச்சர்கள் முடிசூட்டு விழாவுக்காகக் காத்திருக்கவில்லை. எரிமலைச் சாம்பலில் புதைந்த ரோமானிய நகரங்களான ஹெர்குலேனியத்தில் 1738இலும் பொம்பெயியில் 1748இலும் அகழாய்வுகள் தொடங்கியபோது, புதைந்து கிடந்த ரோமானிய வாழ்க்கை வெளிச்சத்துக்கு வந்தது. ரொக்கோகோவின் கிளிஞ்சல் வளைவுகளில் ஏற்கெனவே சலிப்புற்றிருந்த பாரிஸ் ரசிகர்கள் 1750களின் பிற்பகுதியிலேயே நேர்கோட்டுக்கும் கிரேக்க அலங்காரத்துக்கும் திரும்பத் தொடங்கிவிட்டார்கள். ஆகவே பதினாறாம் லூயி பாணியின் நல்ல எடுத்துக்காட்டுகள் சில அவருடைய பாட்டனார் பதினைந்தாம் லூயியின் ஆட்சியிலேயே செய்யப்பட்டவை.

இங்கிலாந்தின் ரீஜென்சி (பதில் ஆட்சி) பாணியும் இப்படித்தான். பின்னாளில் நான்காம் ஜார்ஜ் ஆன இளவரசர், தம் தந்தைக்காகப் பதில் ஆட்சி செய்தது 1811 முதல் 1820 வரை மட்டுமே; ஆனால் பாணியின் பெயராக அது 1790களிலிருந்து 1830 வரை நீட்டிப் பயன்படுத்தப்படுகிறது.

கேள்வி: ‘சிப்பண்டேல் நாற்காலி’ என்றால் அவரே செய்தது என்று பொருளா?

பதில்: பெரும்பாலும் இல்லை. இங்கிலாந்தின் அறைகலன் தச்சர் தாமஸ் சிப்பண்டேல் 1754இல் தம் அறைகலன் வடிவங்களை ஒரு பெரிய நூலாக வெளியிட்டார். அதை வாங்கிய எந்தத் தச்சரும் அந்த வடிவங்களைத் தம் பட்டறையில் செய்துகொள்ள முடிந்தது. அவருடைய பட்டறையிலிருந்தே வந்தவை என்று உறுதியாகச் சொல்லத்தக்கவை, ஹேர்வுட் ஹவுஸ், டம்ஃப்ரீஸ் ஹவுஸ் போன்ற மாளிகைகளில் பழைய கணக்குச் சீட்டுகளின் துணையோடு அடையாளம் காணப்பட்டவையே. சிப்பண்டேலின் முத்திரை என்று பலரும் நம்பும், பந்தைப் பற்றிய நகத்துடன் கூடிய பாதம் அவருடைய நூலின் படங்களில் இல்லவே இல்லை என்பது வேடிக்கை.

அதே நூற்றாண்டின் மற்றோர் ஆங்கிலேயத் தச்சரான ஹெப்பிள்வைட்டின் நிலை இன்னும் விசித்திரமானது: அவருடைய நூல் அவர் இறந்த பிறகு 1788இல்தான் வெளிவந்தது, அவர் கைப்பட்டது என்று உறுதிசெய்யப்பட்ட ஒரு நாற்காலிகூடக் கிடையாது. இருந்தும் கேடய வடிவ முதுகைக் கண்டால் எல்லோரும் அவர் பெயரைச் சொல்கிறோம். அது வடிவத்தின் பெயரே தவிரச் செய்தவரின் பெயரன்று என்று புரிந்துகொண்டால் போதும்.

மரத்தையும் கவனியுங்கள். பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கிலாந்தில் வால்நட் ஆட்சி செய்தது. குடியேற்றப் பகுதிகளிலிருந்து வந்த மரத்துக்கான இறக்குமதி வரியை 1721இல் நாடாளுமன்றம் நீக்கிய பிறகு மகோகனி மெல்ல மெல்ல அதன் இடத்தைப் பிடித்தது. இறுகிய மகோகனியில் முதுகுப் பலகையை நாடா முடிச்சைப் போல மெல்லியதாகக் குடைந்தாலும் உடையாது. சிப்பண்டேல் காலத்து வடிவங்களுக்கு அந்த மரம் பெருந்துணையாக இருந்தது.

கேள்வி: அசலையும் பிற்கால நகலையும் எப்படிப் பிரித்தறிவது?

பதில்: முன்பக்கத்தைப் பார்த்துக்கொண்டு நிற்காதீர்கள், இழுப்பறையை வெளியே எடுத்துக் கவிழ்த்துங்கள். முன்பலகையும் பக்கப்பலகையும் சேரும் புறாவால் இணைப்பில் (புறாவின் வால் போல விரிந்த பற்கள் ஒன்றோடொன்று கோக்கும் மூட்டு) பற்கள் ஒன்றுக்கொன்று சற்றே வேறுபட்டு, ஓரத்தில் தச்சர் கீறிய அளவுக்கோடு இன்னும் தெரிந்தால், அது கைவேலை. எல்லாப் பற்களும் ஒரே அகலத்தில் ஒரே இடைவெளியில் இருந்தால் இயந்திரம் வந்த பிறகான வேலை என்று ஐயுறலாம். அடிப்பலகையில் வில் போன்ற வளைந்த அறுப்புத் தடங்கள் இருந்தால் வட்டரம்பம் பயன்பட்டிருக்கிறது. அந்த ரம்பம் பட்டறைகளில் பரவியது பத்தொன்பதாம் நூற்றாண்டில்தான். நுனி கூராக உள்ள திருகாணிகள் 1840களுக்குப் பின் வந்தவை. அதற்கு முந்தையவை மொட்டை நுனியும், சற்று விலகிய தலைப்பள்ளமும் கொண்டவை.

வட்ட மேசை என்றால் அளவு நாடா ஒன்றே போதும். மரம் நார் ஓடும் திசையில் சுருங்குவது மிகக் குறைவு. குறுக்குத் திசையில்தான் சுருங்கும். ஆகவே ஒட்டுப்பலகையோ வெனீரோ (மேலே ஒட்டும் மெல்லிய மரத்தகடு) அல்லாத, முழுமரத்தாலான பழைய வட்ட மேசையை இரண்டு திசைகளிலும் அளந்தால், குறுக்களவு சிறிதளவேனும் குறைந்திருக்கும். இருநூறு ஆண்டு மேசை என்று சொல்லி விற்கப்படுவது அச்சு வட்டமாக இருந்தால், மேலும் சில கேள்விகள் கேட்பது நல்லது.

இவற்றுள் ஒன்றை மட்டும் வைத்துத் தீர்ப்புச் சொல்லாதீர்கள். பழுதுபார்க்கும்போது திருகாணியை மாற்றியிருப்பார்கள், இழுப்பறைக்குப் புதிய அடி போட்டிருப்பார்கள்.

கேள்வி: விக்டோரியா அரசி காலத்து (விக்டோரியன்) சோபாக்கள் மட்டும் ஏன் அவ்வளவு உப்பலாக இருக்கின்றன?

பதில்: சுருள்வில்தான் காரணம். மெத்தை இருக்கைக்கான சுருள்வில்லுக்கு இங்கிலாந்தில் 1828இல் காப்புரிமை பெறப்பட்டது. வில்லுக்கு உயரம் வேண்டும். அதை மூடும் திணிப்பு நகராதிருக்க ஆழமான பொத்தான்கள் வேண்டும். இரண்டும் சேர்ந்ததே அந்த உருவம். மெலிந்த மரச்சட்டம் மெத்தைக்குள் மறைந்தது.

கேள்வி: ஆர்ட் நூவோ, ஆர்ட் டெக்கோ: இவ்விரண்டையும் எப்போதும் குழப்பிக்கொள்கிறேன்.

பதில்: கொடியும் தண்டும் படர்ந்தால் முன்னது, கோணமும் படிக்கட்டு வடிவமும் கதிர்களும் என்றால் பின்னது. முன்னதற்கு 1893இல் பிரஸ்ஸல்ஸில் கட்டடக் கலைஞர் விக்டர் ஹோர்ட்டா கட்டிய ஹோட்டல் டாசெல் மாளிகையின் மாடிப்படியைப் பாருங்கள். பின்னது தன் பெயரை 1925ஆம் ஆண்டு பாரிஸ் கண்காட்சியிலிருந்து பெற்றது. அப்பெயர் பரவலாக வழங்கியது 1960களில்தான்.

கேள்வி: ஒரே அறையில் இரண்டு காலப் பாணிகளைக் கலப்பது தவறா?

பதில்: தவறே இல்லை. ஒரே பாணியில் முழுவதும் நிறைத்த அறை பல நேரங்களில் நாடக மேடையைப் போலாகிவிடும் என்பது என் கருத்து. பழைய மாளிகைகளிலும் பாட்டனார் காலத்து ஓக் பெட்டியும் பேரன் வாங்கிய மகோகனி மேசையும் அடுத்தடுத்து இருந்தன. பதினாறாம் லூயி நாற்காலியும் 1920களின் எஃகுக் குழாய் மேசையும் நன்றாகவே இணங்கும். இரண்டிலும் கோடு நேர், தாங்கும் உறுப்பு வெளிப்படை. ரொக்கோகோவோடு எம்பயரைச் சேர்ப்பதுதான் கடினம். ஒன்று சமச்சீரைத் தவிர்க்கிறது, மற்றொன்று அதையே ஆதாரமாகக் கொள்கிறது. இருக்கை உயரங்கள் பொருந்துகின்றனவா என்றும் பாருங்கள். விக்டோரியன் சோபாவின் முன் தாழ்ந்த நவீன மேசையை வைத்தால் அமர்பவர் குனிந்துகொண்டே இருக்க வேண்டும்.

பலரும் மறந்துவிடுவது விளக்கு. பதினெட்டாம் நூற்றாண்டின் பொன்முலாமும் கண்ணாடிகளும் மெழுகுவத்தியின் தாழ்ந்த, அசையும் ஒளிக்காக அமைக்கப்பட்டவை. கூரையிலிருந்து விழும் வெண்ணிற விளக்கின் கீழ் அதே பொன் பகட்டாகத் தெரியும். அறைகலனை மாற்றுவதற்கு முன், கண் மட்டத்துக்குக் கீழே மஞ்சள் ஒளி தரும் விளக்குகள் இரண்டை வைத்துப் பாருங்கள். அதற்குப் பிறகும் உறுத்தினால் மாற்றுவதைப் பற்றி யோசிக்கலாம்.