சேலத்தில் இருந்துகொண்டு என் மகள் ராணி ராம்பால் போல ஹாக்கி வீராங்கனை ஆக முடியுமா?

ஏழாவது எட்டாவது படிக்கும் பெண்ணின் அம்மா நீங்கள் என்று நினைத்துக்கொண்டு எழுதுகிறேன். அப்பாவாக இருந்தாலும் படியுங்கள். 'வெயிலில் கறுத்துப் போவாள், நாளைக்கு யார் கட்டுவான்' என்று உங்கள் வீட்டில் ஒருவர் இந்நேரம் சொல்லியிருப்பார். எங்கள் வீட்டில் அத்தை சொன்னார்.

ராணியின் கதை வாட்ஸ்அப்பில் உங்களுக்கும் வந்திருக்கும். அப்பா வண்டி இழுத்தவர். பயிற்சிக்கு வரும் பிள்ளைகள் அரை லிட்டர் பால் கொண்டுவர வேண்டும். வீட்டில் 200 மில்லிதான் வாங்க முடிந்தது. யாருக்கும் தெரியாமல் தண்ணீர் கலந்து குடித்தார். அவரே சொன்னதுதான். ஆனால் அந்தப் பாலைக் காட்டி 'பார், மனசு இருந்தால் போதும்' என்று பிள்ளைகளைக் குத்துகிறவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவர் ஊர் ஹரியானாவில் ஷாஹாபாத். அங்கே பல்தேவ் சிங் என்று ஒரு கண்டிப்பான பயிற்சியாளர். நவ்ஜோத் கவுர், நவ்நீத் கவுர் இருவரும் அதே ஊர். டோக்கியோ ஒலிம்பிக்கில் நான்காம் இடம் வந்த அணியில் ஒரே ஊரிலிருந்து மூன்று பேர்! மனசு அந்த ஊரில் மட்டும்தான் விளைகிறதா?

என் அப்பா பனங்காட்டில் வெள்ளிக் கொலுசுப் பட்டறையில் வேலை பார்த்தவர். நான் பள்ளி ஹாக்கி அணியில் ஃபுல் பேக், அதாவது கோலுக்கு முன்னால் நின்று தடுக்கிறவள். மைதானம் செம்மண்ணும் சரளையும். பந்து எந்தக் கல்லில் பட்டு எழும்பும் என்று சொல்ல முடியாது. எழும்பினால் முட்டியைப் பதம் பார்க்கும். மாதம் ஒரு ஞாயிறு ஏற்காடு அடிவாரத்திலிருந்து இரண்டாவது கொண்டை ஊசி வளைவு வரை பி.டி. சார் ஓடவிடுவார். "மொத்தம் 20 வளைவு இருக்குது, ரெண்டுக்கே இப்படியா கண்ணு?" என்பார்.

இப்போது ஞாயிற்றுக்கிழமை அந்த ரோட்டில் யாராவது ஓடிப் பார்க்கட்டும். நான் கோரிமேட்டில் குடியிருக்கிறேன். காலையில் பால் வாங்க ரோட்டைக் கடப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிடுகிறது. அத்தனை காரும் மலைக்கு. போகும்போது ஹாரன், வரும்போது ஜன்னல் வழியாக சிப்ஸ் பாக்கெட். அதைத் தின்று பழகிய குரங்குகள் நம் கைப்பையைப் பிடுங்குகின்றன. சரி, அதை விடுங்கள்.

2003-ல் மாநில அணிக்கு ஆள் எடுக்கும் தேர்வுக்காக எழும்பூர் ஹாக்கி ஸ்டேடியத்துக்குப் போனேன். 16 வயது. அதுவரை டர்ஃப் என்கிற செயற்கைப் புல்லை நான் மிதித்ததே இல்லை. ஆட்டத்துக்கு முன் தண்ணீர் பீய்ச்சினார்கள். எதற்குத் தரையைக் கழுவுகிறார்கள் என்று பக்கத்தில் நின்ற பெண்ணிடம் கேட்டேன். சிரித்துவிட்டாள். பந்து எழும்பவே இல்லை. தரையோடு தரையாக வழுக்கி, நான் குனிவதற்குள் போய்விட்டது. மூன்று வருடம் சரளையில் பயந்து பழகிய கால், ஒவ்வொரு பந்துக்கும் அரை அடி பின்னால் போனது. இருபது நிமிடத்தில் வெளியே கூப்பிட்டுவிட்டார்கள். ஒலிம்பிக்கில் 1976-லேயே செயற்கைத் தரை வந்துவிட்டது என்பது எனக்குப் பிறகுதான் தெரியும். ரயிலில் ஜோலார்பேட்டை வரை அழுதேன், அப்புறம் தூங்கிவிட்டேன்.

'டர்ஃப் இருந்திருந்தால் மட்டும் இந்தியாவுக்கு ஆடியிருப்பாயா' என்று கேட்கப் போகிறவர்களுக்கு: மாட்டேன். மாநில அணியில் ரிசர்வில் உட்கார்ந்திருப்பேன். எங்கள் வீட்டில் அதுவே பெரிய விஷயம். பழியை மைதானத்தின்மேல் போடவில்லை, நடந்ததைச் சொல்கிறேன்.

ராணி 14 வயதில் இந்திய அணி, 15-ல் உலகக் கோப்பை. 2019 நவம்பரில் புவனேஸ்வரில் அமெரிக்காவுடன் நடந்த ஒலிம்பிக் தகுதிச் சுற்றை போனில் பார்த்தேன். முதல் ஆட்டத்தில் 5-1 ஜெயித்துவிட்டு, அடுத்ததில் 0-4 என்று பின்தங்கி, மொத்தக் கணக்கு 5-5. நாற்பத்தெட்டாவது நிமிடத்தில் ராணி அடித்தார். அந்த ஒரு கோலில் டோக்கியோ. அடுப்பில் சாம்பார் அடிப்பிடித்தது. என் கணவருக்கு இன்று வரை அந்தச் சாம்பார்தான் ஞாபகம்.

அதே ராணி டோக்கியோவுக்குப் பிறகு காயத்தால் ஒதுங்கி, திரும்பி வந்து, மறுபடியும் அணியில் இடமில்லாமல் இருந்து, 2024 அக்டோபரில் ஓய்வு பெற்றார். 254 ஆட்டம். அவருடைய 28-ம் எண் சட்டையை இனி யாருக்கும் தருவதில்லை என்று ஹாக்கி இந்தியா அறிவித்தது. அவருக்கே முடிவு அப்படித்தான் என்றால், நம் பிள்ளைக்குப் படிப்பும் கூடவே ஓடட்டும் என்று நான் சொன்னால் கோபிக்காதீர்கள்.

சாத்தியமா என்றால், சேர்த்துவிடுங்கள். சேர்க்கும் முன் பயிற்சியாளரிடம் வருடத்தில் எத்தனை முறை டர்ஃபுக்குக் கூட்டிப் போவீர்கள், வெளியூர் போனால் பெண்களுடன் யார் வருவார், மைதானத்தில் தண்ணீர் வரும் பாத்ரூம் இருக்கிறதா என்று கேளுங்கள். நாங்கள் மூன்றாவதற்காகவே தண்ணீர் குடிக்காமல் ஆடினோம்.

அப்புறம், முழங்காலுக்குக் கீழே முன்னங்காலில் அடிபடாமல் கட்டும் ஷின் கார்டு வாங்கும்போது 'வளருற பிள்ளை' என்று ஒரு அளவு பெரிதாக வாங்கிவிடாதீர்கள். ஓடும்போது திரும்பிக்கொண்டு போய் கெண்டைக்காலில் நிற்கும்.