கை முத்திரையும் மந்திர மையும்: இரண்டும் எதற்கு?

கதையில் மந்திரத்துக்குக் கை முத்திரையும் வேண்டும், மையும் வேண்டும் என்று வைத்தால் ஏதோ ஒன்று வீணாகத் தெரிகிறதே என்று கேட்டிருக்கிறீர்கள். வேலையைப் பிரித்துக் கொடுங்கள். என்ன நடக்க வேண்டும் என்பதை மை சொல்லட்டும். எப்போது, யார் மேல் என்பதை முத்திரை சொல்லட்டும்.

மைக்கு நிஜத்திலேயே நல்ல சரக்கு இருக்கிறது. கடுக்காய்ச் சாற்றில் அன்னபேதி என்ற இரும்பு உப்பைக் கலந்து செய்யும் மை, எழுதும்போது வெளிறித்தான் இருக்கும். காற்றுப் படப்படத்தான் கறுக்கும். அமிலத்தன்மை கூடிப்போனால் நாளடைவில் தாளையே அரித்துவிடும். இதை அப்படியே எடுத்துக்கொள்ளலாம். உள்ளங்கையில் எழுதிய மந்திரம் கறுக்கும்வரை காத்திருக்க வேண்டும்; அவசரப்பட்டால் பாதிதான் பலிக்கும், அளவு மீறினால் தோலை அரிக்கும். சண்டைக்கு நடுவே விரலை மடக்கிய நாயகி, மை இன்னும் சாம்பல் நிறத்திலேயே இருப்பதைப் பார்க்கிறாள் என்றால் பதற்றம் தானாக வந்துவிடும்.

அப்புறம் முத்திரை. சைகை மொழிகளில் கையின் வடிவம், இடம், அசைவு, உள்ளங்கை பார்க்கும் திசை, இவற்றில் ஒன்று மாறினாலே பொருள் மாறிவிடலாம். உங்களுக்கும் அது போதும்: அதே வடிவம் நெஞ்சருகே என்றால் காப்பு, நெற்றியருகே என்றால் மறதி. நூறு முத்திரை கண்டுபிடிக்காதீர்கள், ஆறேழு தாண்டினால் எனக்கே மறந்துவிடும். வியர்வையில் மை கலைந்தால் என்ன ஆகும் என்பதை மட்டும் முதலிலேயே முடிவு செய்துவிடுங்கள். வாசகர் கட்டாயம் கேட்பார்.